ஸ்டீவ் புளூமர்: டிக்ஸி டீனுக்கு முன்னால் கோல் அடித்தவர்

கேள்வி இதுதான்: 1920, 30களில் எவர்டன் கிளப்புக்காகக் கோல்களைக் குவித்த டிக்ஸி டீனுக்கு முன்பு, அதாவது முதல் உலகப் போருக்கு முந்திய காலத்தில், இங்கிலாந்தின் பெரிய ஸ்ட்ரைக்கர் யார்? அந்தக் காலத்து கோல் கணக்கையெல்லாம் இன்று நம்பலாமா?

முதல் பாதிக்குப் பதில் சொல்ல எனக்கு யோசனையே தேவையில்லை. ஸ்டீவ் புளூமர். விவியன் வுட்வர்ட் என்று சிலர் சொல்வார்கள். 1908, 1912 ஒலிம்பிக்கில் தங்கம் வென்ற அணியின் கேப்டன், கடைசிவரை சம்பளம் வாங்காமல் ஆடியவர், அருமையான ஆட்டக்காரர். ஆனால் வாரா வாரம், சேற்றில் இறங்கி, இருபது வருடத்துக்கு மேல் கோல் அடித்துக்கொண்டே இருந்தவர் என்றால் புளூமர்தான். இரண்டாம் பாதி கொஞ்சம் சிக்கலானது. போகப் போகச் சொல்கிறேன்.

புளூமர் பிறந்தது 1874 ஜனவரி 20, இங்கிலாந்தின் மத்தியப் பகுதியில் உள்ள க்ராட்லி என்ற ஊரில். சங்கிலியும் ஆணியும் அடிக்கிற ஊர்கள் அடுத்தடுத்து இருக்கிற வட்டாரம் அது. அப்பா கேலப் இரும்பு வேலைக்காரர். பையன் சின்ன வயதாக இருக்கும்போதே குடும்பம் பிழைப்புக்காக டெர்பி நகரத்துக்குக் குடிபெயர்ந்தது. பள்ளி முடிந்ததும் பையனும் கொல்லன் பட்டறைக்குத்தான் போனான். பட்டறையில் மூத்த கொல்லர் இடுக்கியால் பழுத்த இரும்பைப் பிடித்துக்கொண்டு இடம் காட்ட, எதிரே நின்று சம்மட்டியால் ஓங்கி அடிக்க ஓர் ஆள் வேண்டும். அந்த ஆளுக்கு ஆங்கிலத்தில் ‘ஸ்ட்ரைக்கர்’ என்றே பெயர். புளூமர் பார்த்த வேலை அதுதான்! கால்பந்தில் அந்தச் சொல் புழக்கத்துக்கு வந்தது ரொம்பப் பிற்காலத்தில்.

அவர் காலத்தில் முன்வரிசையில் ஐந்து பேர் ஆடுவார்கள். நடுவில் ஒருவர், அவருக்கு இரு பக்கமும் உள்ளே ஒருவர், ஓரத்தில் ஒருவர். புளூமர் வலது உள்பக்க ஆள். இன்றைய கணக்கில் பாதி ஸ்ட்ரைக்கர், பாதி ப்ளேமேக்கர், அதாவது மற்றவர்களுக்குக் கோல் வாய்ப்பை உருவாக்கிக் கொடுப்பவர், என்று வைத்துக்கொள்ளலாம்.

டெர்பி கவுன்டி கிளப் 1892இல் அவரை எடுத்தது. ஆரம்பச் சம்பளம் வாரத்துக்கு 7 ஷில்லிங் 6 பென்ஸ். அந்த செப்டம்பரில் ஸ்டோக் அணிக்கு எதிராக முதல் லீக் மேட்ச். பதினெட்டு வயது. பெரிய உடம்பு கிடையாது, முகம் வெளிறிப் போய் நோயாளி மாதிரி இருக்கும். ‘வெளிறிய மூஞ்சி’ என்றே ஒரு பட்டப்பெயர் இருந்தது. டெர்பியின் கேப்டன் அப்போது ஜான் குட்ஆல். 1888-89 சீசனில் ஒரு தோல்விகூட இல்லாமல் லீக்கையும் எஃப்.ஏ. கோப்பை என்ற தேசியக் கோப்பையையும் வென்ற பிரஸ்டன் அணியில் ஆடிவிட்டு வந்தவர். நிதானமான மனிதர், ஆட்டத்தை ஆட்டக்காரனை விட வேகமாகப் படிப்பவர். ஆள் நிற்கிற இடத்துக்குப் பந்தைக் கொடுக்காதே, ஆள் போகப்போகிற இடத்துக்குக் கொடு என்பது அவருடைய பள்ளி. புளூமரை அவர்தான் வளர்த்தார்.

சரி, அப்படி என்ன விசேஷம் அவர் ஷாட்டில்? பந்து வந்ததும் நிறுத்தி, தட்டி, சரிசெய்து, காலைப் பின்னால் ஓங்கி அடிப்பதுதான் அன்றைய வழக்கம். அந்த ஒரு நொடியில் டிஃபென்டர் குறுக்கே விழுந்துவிடுவார். புளூமர் பந்தை நிறுத்தவே மாட்டார். வந்த வேகத்திலேயே, காலை அதிகம் ஓங்காமல், தரையோடு தரையாக அடித்துவிடுவார். வலது, இடது பேதம் இல்லை. கோல்கீப்பர் ‘அடிக்கப்போகிறார்’ என்று தயாராவதற்குள் பந்து உள்ளே போயிருக்கும். மழையில் நனைந்தால் கல்லு மாதிரி கனக்கிற தோல் பந்து அது என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். ஓங்காமல் அந்தப் பந்தை அடிக்கத் தொடையிலும் இடுப்பிலும் எவ்வளவு பலம் வேண்டும்! பட்டறை வாசம் வீண்போகவில்லை என்று நான் நினைப்பதுண்டு.

கோல் கணக்குக்கு வருவோம். டெர்பிக்காக லீக்கில் 293, மிடில்ஸ்பரோவுக்காக 59, ஆக மொத்தம் 352 லீக் கோல்கள். கோப்பைப் போட்டிகளையும் சேர்த்தால் டெர்பிக்கு மட்டும் 332. அந்தக் கிளப்பில் அவருக்கு அடுத்த இடத்தில் இருப்பவர் 1960, 70களில் ஆடிய கெவின் ஹெக்டர், 201 கோல். இடைவெளியைப் பாருங்கள். 1899 ஜனவரியில் ஷெஃபீல்ட் வெட்னஸ்டே அணியை டெர்பி 9-0 என்று துவைத்த அன்று புளூமர் மட்டும் ஆறு. முதல் டிவிஷனின் அதிக கோல் பட்டியலில் ஐந்து சீசன்களில் அவர் முதலிடம், அல்லது முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டவர்.

நம்பலாமா என்ற கேள்விக்கு இங்கேதான் பதில். ஆஃப்சைடு, அதாவது பந்துக்காக எதிரணியின் கோல் பக்கம் முன்கூட்டியே போய் நின்றுகொள்ளக் கூடாது என்ற விதி, அப்போது இன்றைய மாதிரி இல்லை. இன்று உங்கள் ஆள் பந்தைக் கொடுக்கிற நொடியில் உங்களுக்கும் கோல் கோட்டுக்கும் நடுவில் எதிரணியினர் இரண்டு பேர் இருந்தால் போதும். 1925 வரை மூன்று பேர் இருக்க வேண்டும். 1907 வரை சொந்தப் பாதியில் நின்றால்கூட ஆஃப்சைடு உண்டு. அதாவது ஒரே ஒரு டிஃபென்டர் முன்னால் நகர்ந்து நின்றாலே முன்வரிசை மொத்தமும் மாட்டிக்கொள்ளும், பின்னால் இன்னொருவர் காவலுக்கும் இருப்பார். 1925இல் விதி மாறியதும் கோல்கள் கொட்ட ஆரம்பித்தன. டீன் ஒரே சீசனில் 60 லீக் கோல் அடித்தது 1927-28இல், விதி மாறிய பிறகு. டீனைக் குறைத்துச் சொல்லவில்லை, 60 என்பது எந்த விதியிலும் 60தான். ஆனால் புளூமரின் 352ஐ எடை போடும்போது அந்த மூன்றாவது ஆளையும் தராசில் வைக்க வேண்டும்.

இங்கிலாந்துக்கு ஆடிய கணக்கில் மட்டும் நான் கொஞ்சம் கழிப்பேன். 23 மேட்ச், 28 கோல். முதல் பத்து மேட்சிலும் ஒன்று விடாமல் கோல் அடித்தார், மொத்தம் 19. பிரமிப்பாகத்தான் இருக்கும். ஆனால் அந்தக் காலத்து அயர்லாந்தும் வேல்ஸும் எப்படிப்பட்ட அணிகள்? 1895இல் அவர் அறிமுகமான மேட்சில் அயர்லாந்து வாங்கியது ஒன்பது. அடுத்த வருடம் கார்டிஃபில் வேல்ஸுக்கு எதிராக 9-1, அதில் ஐந்து புளூமருடையது. உண்மையான எதிரி ஸ்காட்லாந்துதான். அவர்களுக்கு எதிராகவும் அவர் சோடை போகவில்லை. 1898இல் கிளாஸ்கோவில் இரண்டு அடித்தார். 1904இல் அதே ஊரில் இங்கிலாந்து 1-0 என்று வென்றபோது அந்த ஒரே கோலும் அவருடையது. அதனால் கழித்தாலும் பெரிதாகக் கழிக்க முடியாது.

பன்னிரண்டு வருடத்தில் 23 மேட்ச்தானா என்று தோன்றும். அப்போது இங்கிலாந்து வருடத்துக்கு மூன்றே மேட்ச்தான் ஆடும். ஸ்காட்லாந்து, வேல்ஸ், அயர்லாந்து, அவ்வளவுதான். ஐரோப்பாவுக்குக் கப்பலேறி ஆஸ்திரியாவுடன் ஆடியது 1908இல், புளூமர் 1907இல் நியூகாஸில் நகரத்தில் ஸ்காட்லாந்துக்கு எதிராகக் கடைசி மேட்ச் ஆடி, அதிலும் ஒரு கோல் போட்டுவிட்டு ஒதுங்கிய பிறகு. அவருடைய 28ஐ 1911இல் வுட்வர்ட் தாண்டினார். வேடிக்கை, அவரும் ஆடியது 23 மேட்ச்தான். கோல் ஒன்று அதிகம்.

அந்த இங்கிலாந்து அணியில் நடுவில் ஆடியவர் ஜி.ஓ. ஸ்மித். ஆக்ஸ்ஃபோர்டில் படித்தவர், பள்ளி ஆசிரியர், சம்பளத்துக்கு ஆடாத கனவான். பக்கத்தில் கொல்லன் பட்டறைப் பையன் புளூமர். மைதானத்துக்கு வெளியே இந்த இரண்டு பேரும் ஒரே மேஜையில் உட்கார்ந்து சாப்பிடுவார்களா என்பதே சந்தேகமான காலம். உள்ளே இறங்கிவிட்டால் ஸ்மித் கொடுப்பார், புளூமர் அடிப்பார்.

இவ்வளவு கோல் அடித்தும் டெர்பிக்குக் கோப்பை வாய்க்கவில்லை. 1898 இறுதிப்போட்டி ஒன்று போதும் சொல்ல. ஏப்ரல் 16, லண்டன் கிரிஸ்டல் பேலஸ், எதிரணி நாட்டிங்ஹாம் ஃபாரஸ்ட். ஐந்தே நாள் முன்னால் லீக்கில் அதே ஃபாரஸ்டை டெர்பி 5-0 என்று அடித்திருந்தது. ஊரே கோப்பை வந்துவிட்டது என்று முடிவு செய்துவிட்டது. உண்மையில் ஃபாரஸ்ட் அன்று முக்கியமான ஆட்களை இறுதிப்போட்டிக்காக உட்கார வைத்திருந்தது. இறுதியில் ஃபாரஸ்ட் முதல் கோல் போட்டது. ஒரு ஃப்ரீகிக்கைப் புளூமர் தலையால் முட்ட, பந்து மேல்கம்பத்தில் பட்டு உள்ளே விழுந்தது. 1-1. அதோடு சரி. 3-1 என்று ஃபாரஸ்ட் கோப்பையைத் தூக்கிக்கொண்டு போனது. அடுத்த வருடமும் இறுதிக்கு வந்து, இடைவேளையில் 1-0 என்று முன்னால் இருந்து, ஷெஃபீல்ட் யுனைடெட்டிடம் 4-1 என்று தோற்றார்கள். 1903இல் மூன்றாவது முறை. புளூமர் காயம்பட்டு வெளியே, டெர்பி பரி அணியிடம் 6-0. கோப்பை இறுதிப்போட்டியில் அதைவிட மோசமான தோல்வி இன்றுவரை இல்லை. 2019இல் வாட்ஃபோர்ட் அதைச் சமன் செய்தது, பாவம்.

டெர்பிக்காரர்கள் இதற்கு ஒரு சாபக் கதை வைத்திருந்தார்கள். 1895இல் கிளப் குடிபோன மைதானத்திலிருந்து ஜிப்ஸிகளை விரட்டினார்களாம், அவர்கள் ‘உங்களுக்குக் கோப்பை கிடைக்காது’ என்று சபித்துவிட்டார்களாம். 1946இல்தான் சாபம் தீர்ந்தது. அந்த மைதானத்தின் பெயர் பேஸ்பால் கிரவுண்ட். பெயருக்குக் காரணம் சத்தியமாக பேஸ்பால்தான். ஃபிரான்சிஸ் லே என்ற வார்ப்பட ஆலை முதலாளி அமெரிக்கா போய் வந்து அந்த ஆட்டத்தை டெர்பியில் புகுத்த ஆசைப்பட்டார். டெர்பி பேஸ்பால் அணி நாட்டின் சாம்பியனாகக்கூட வந்தது. அதில் இரண்டாம் பேஸில் நின்றவர் யார் என்கிறீர்கள்? நம்ம புளூமர்தான்.

1906 மார்ச்சில் டெர்பி அவரை மிடில்ஸ்பரோவுக்கு விற்றது. கூடவே இன்னொரு ஆட்டக்காரர், இருவருக்கும் சேர்த்து 750 பவுண்டு. முந்தைய வருடம்தான் அதே மிடில்ஸ்பரோ ஆல்ஃப் காமன் என்பவரை 1,000 பவுண்டு கொடுத்து வாங்கி, மனிதனை மாடு மாதிரி விலைபேசுவதா என்று பத்திரிகைகள் கூச்சல் போட்டிருந்தன. அவ்வளவு பணம் கைமாறினாலும் ஆடுபவனுக்குச் சம்பளம் வாரம் 4 பவுண்டுக்கு மேல் கூடாது; 1901இலிருந்து அது கால்பந்து சங்கத்தின் விதி. அதற்கு மேல் சம்பாதிக்க வேண்டுமென்றால் பெயரை விற்க வேண்டும். புளூமர் அதையும் முதலில் செய்தவர்களில் ஒருவர். கடையில் ‘புளூமர் லக்கி ஸ்ட்ரைக்கர்’ என்று பூட்ஸ் விற்றார்கள். இன்றைய ஆட்டக்காரர்கள் ஷூ கம்பெனிகளோடு போடும் ஒப்பந்தத்துக்குக் கொள்ளுத்தாத்தா அது.

புளூமரை விற்ற அடுத்த வருடமே டெர்பி இரண்டாம் டிவிஷனுக்கு இறங்கிவிட்டது. விற்றவர்களுக்குச் சூடு. 1910இல் அவரைத் திரும்ப அழைத்தார்கள், வயது 36. கேப்டனாக நின்று 1911-12இல் இரண்டாம் டிவிஷன் பட்டத்தை வென்று அணியை மேலே ஏற்றினார். ஆட்டக்காரராக அவர் வென்ற பெரிய பட்டம் அது ஒன்றுதான். 1914 ஜனவரி 31, பர்ன்லிக்கு எதிராகக் கடைசி மேட்ச். நாற்பது வயதும் பதினொரு நாளும்.

அப்புறம்தான் கதையில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி. அதே வருடம் ஜூலையில் பெர்லினில் உள்ள பிரிட்டானியா என்ற கிளப்புக்குக் கோச்சாகப் போனார். எந்த ஜூலை? 1914 ஜூலை! பெட்டியைப் பிரித்து வைத்திருப்பாரோ இல்லையோ, ஆகஸ்டில் போர். நவம்பரில் ஜெர்மனியில் இருந்த பிரிட்டிஷ் ஆண்களை எல்லாம் பிடித்து ரூலேபன் என்ற இடத்தில் அடைத்தார்கள். பெர்லினை ஒட்டிய குதிரைப் பந்தய மைதானம் அது. பெயருக்கு அர்த்தம் ஏறக்குறைய ‘நிம்மதி வாழ்வு’. குதிரை லாயங்களில் ஆட்களைப் போட்டார்கள். ஒரு குதிரை நிற்கிற அடைப்பில் ஆறு பேர். குதிரைகள் போய்விட்டன, நாற்றம் போகவில்லை. நாலாயிரத்துக்கு மேற்பட்டவர்கள் அப்படி இருந்தார்கள்: கப்பல் தொழிலாளிகள், வியாபாரிகள், மாணவர்கள், இசைக்காரர்கள். பிற்பாடு நியூட்ரானைக் கண்டுபிடித்து நோபல் பரிசு வாங்கிய ஜேம்ஸ் சாட்விக்கும் அதில் ஒருவர். கதிரியக்கம் உள்ள ஜெர்மன் பற்பசையை வைத்து லாயத்துக்குள்ளேயே ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தார். ஒரு பக்கம் சாட்விக் பற்பசையோடு, இன்னொரு பக்கம் புளூமர் பந்தோடு. நினைத்துப் பார்க்கவே விசித்திரமாக இருக்கிறது.

கோச் வேலைக்கு ஜெர்மனி வந்து மாட்டிக்கொண்ட கால்பந்துக்காரர்கள் அங்கே பலர். மிடில்ஸ்பரோவில் புளூமரோடு ஆடிய ஃப்ரெட் பென்ட்லண்ட், 1901இல் டாட்டன்ஹாமை நடத்தி கோப்பை வாங்கிக்கொடுத்த ஜான் கேமரன், சாம் வுல்ஸ்டன்ஹோம் என்று ஒரு நல்ல அணிக்கே ஆள் இருந்தது. பந்தய ஓடுபாதையின் நடுவில் இருந்த வெளியை விளையாட்டுக்கு விட்டதும், கைதிகள் கால்பந்து சங்கமே தொடங்கிவிட்டார்கள். ஒவ்வொரு லாயத்துக்கும் ஓர் அணி, லீக், கோப்பை, அட்டவணை எல்லாம் உண்டு. 1915 மே மாதம் இங்கிலாந்து அணிக்கும் உலக அணிக்கும் மேட்ச் வைத்தார்கள். கோடை வந்தால் கிரிக்கெட். நாற்பதைத் தாண்டிய புளூமர் இரண்டிலும் ஆடினார். சங்கிலி அடிக்கிற வட்டாரத்தில் பிறந்தவர் முள்கம்பிக்குள் மூன்று வருடத்துக்கு மேல் இருந்து, 1918 மார்ச்சில் நெதர்லாந்துக்கு அனுப்பப்பட்டார். அங்கே போர் முடியும்வரை ஆம்ஸ்டர்டாமின் ப்ளாவ்-வித் கிளப்புக்குக் கோச். சும்மா இருக்கத் தெரியாத மனிதர்.

ரூலேபன் தோழர்களின் தொடர்ச்சி ஸ்பெயினில் இருக்கிறது. பென்ட்லண்ட் பாஸ்க் நாட்டுக்குப் போய் பில்பாவோ அணியைப் பயிற்றுவித்து 1923இல் ஸ்பெயின் கோப்பையை வென்றார். அந்த வருடமே புளூமரும் பக்கத்திலேயே, பிரான்ஸ் எல்லையை ஒட்டிய இருன் என்ற சின்ன ஊரின் ரியல் உனியோன் கிளப்புக்குக் கோச்சாக வந்து சேர்ந்தார். 1924 அரையிறுதியில் அவர்கள் பார்சிலோனாவை வீழ்த்தினார்கள். மே 4ஆம் தேதி சான் செபாஸ்டியனில் இறுதிப்போட்டி, எதிரே ரியல் மாட்ரிட். 1-0. டெர்பியில் மூன்று முறை கைநழுவிய தேசியக் கோப்பை, ஐம்பது வயதில், மொழி புரியாத ஊரில் கிடைத்தது. மிடில்ஸ்பரோவில் சேர்ந்து ஆடி, ஒரே முகாமில் அடைபட்டுக் கிடந்த இரண்டு பேர், ஒருவர் பின் ஒருவராக அடுத்தடுத்த வருடங்களில் ஸ்பெயினின் கோப்பையை வென்றார்கள் என்றால், கதையாக எழுதினால்கூட நம்பமாட்டார்கள்.

திரும்பி வந்து டெர்பியிலேயே கிளப்புக்குச் சின்னச் சின்ன வேலைகள் பார்த்துக்கொண்டு இருந்தார். அவருடைய 352ஐ டீன் தாண்டியது 1936இல்; அப்போது புளூமர் உயிரோடுதான் இருந்தார். உடம்பு மோசமானதும் நண்பர்கள் கடல் காற்று நல்லது என்று ஆஸ்திரேலியா, நியூசிலாந்து பக்கம் கப்பல் பயணம் அனுப்பி வைத்தார்கள். வீடு திரும்பி மூன்று வாரம்கூட ஒழுங்காக ஆகவில்லை, இறந்துபோனார். 1938 ஏப்ரல் 16, சனிக்கிழமை. ஃபாரஸ்டிடம் தோற்ற அந்த இறுதிப்போட்டியும் ஏப்ரல் 16தான், அதுவும் சனிக்கிழமைதான். சரியாக நாற்பது வருடம்.

டெர்பி கவுன்டி 1997இல் பேஸ்பால் கிரவுண்டை விட்டு பிரைடு பார்க்குக்கு மாறிவிட்டது. அங்கே 2009இல் அவருடைய மார்பளவுச் சிலை ஒன்றை உள்ளூர் அணியின் பெஞ்ச் பக்கமாக, மைதானத்தைப் பார்த்தபடி வைத்தார்கள். ஒவ்வொரு உள்ளூர் மேட்சுக்கு முன்பும் புளூமர் பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று ஒரு பாட்டுப் போடுகிறார்கள். யூடியூபில் தேடினால் ஸ்டேடியமே சேர்ந்து பாடுவதைக் கேட்கலாம்.